ஏரி மாவட்டமும் நம் ஏக்கங்களும்

செங்கல்பட்டைப் பற்றி நம் சூழலில் இரண்டு கதைகள் புழங்குகின்றன. முதலாவது மனைத் தரகர்களுடையது: கரம்பும் முள்ளும் மண்டிக் கிடந்த மண்ணுக்குச் சென்னைதான் விலை கொடுத்தது. இரண்டாவது இலக்கியவாதிகளாகிய நம்முடையது: ஏரிகள் நிரம்பி வழிந்த, எல்லோர் வீட்டிலும் நெல் இருந்த ஒரு நாட்டை மாநகரம் விழுங்கிவிட்டது. முதற்கதையை நாம் எளிதில் மறுத்துவிடுகிறோம். இரண்டாவதையோ கவிதையாகவும் சிறுகதையாகவும் முன்னுரையாகவும் சலிக்காமல் அச்சேற்றிவருகிறோம். இவ்விரு கதைகளும் ஒரே மனிதனை மறைக்கின்றன என்பதே நம் வாதம்.

முதலில் காலக்கணக்கைச் சரிசெய்வோம். மாநகரம் இம்மாவட்டத்திற்குள் தாராளமயத்தோடு நுழைந்ததாகப் பேசுவது வரலாறு அறியாப் பேச்சு. ஆற்காட்டு நவாப் முகமது அலி கிழக்கிந்தியக் கம்பெனிக்கு இப்பகுதியை ஜாகீராக அளித்தது 1763இல். அன்றுமுதலே சென்னைக் கோட்டையின் வருவாய் நிலம் இது. 1767 முதல் 1774 வரை தாமஸ் பர்னார்டு இங்கு ஏறத்தாழ 2,000 ஊர்களை அளந்து கணக்கெடுத்தார். அவ்வாவணங்களை இருபதாம் நூற்றாண்டில் தரம்பால் வெளிக்கொணர்ந்தபோது, செழிப்பான விளைச்சலும், அதிலிருந்து கோயிலுக்கும் கணக்கனுக்கும் வெட்டியானுக்கும் நீர்பாய்ச்சுபவனுக்கும் மேரையாகவும் மானியமாகவும் பிரிந்த பங்குகளும் தெரியவந்தன. நம்மில் பலர் அங்கேயே நின்றுவிட்டோம். 'எல்லோருக்கும் பங்கு இருந்தது' என்ற வாக்கியம் நமக்கு அத்தனை இனித்தது.

பங்கு இருந்தது உண்மை. நிலம் யாருக்கு இருந்தது? பராந்தக சோழன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டை ஜனநாயகத்தின் தொட்டிலாகப் போற்றுகிறோம். ஏரி வாரியத்திற்குக் குடவோலையில் பெயர் எழுதப்பட வேண்டுமானால் கால்வேலிக்கு மேற்பட்ட இறைநிலம் உடையவனாக, சொந்த மனையில் வீடு கட்டியவனாக, வேதம் கற்றவனாக இருக்க வேண்டும் என்பதும் அதே கல்வெட்டில்தான் இருக்கிறது. ஏரியை ஆண்டவர்கள் யார் என்பதில் அது எந்த ஐயத்தையும் விட்டுவைக்கவில்லை. அந்த ஏரியில் இறங்கி வண்டலை அள்ளியவர்களைப் பற்றித்தான் நாம் கேட்பதில்லை.

தொண்டை மண்டலத்தின் மிராசு முறை இக்கேள்விக்கு விடை தருகிறது. ஊரின் நன்செய் மட்டுமன்றித் தரிசும் மிராசுதாரின் உரிமை எல்லைக்குள் இருந்தது. 1794 முதல் 1798 வரை கலெக்டராக இருந்த லயனல் பிளேஸ், ஹைதர் அலியின் படையெடுப்பால் சிதைந்த மாவட்டத்தைச் சீரமைத்தார். மதுராந்தகம் ஏரிக்கரையைப் பலப்படுத்தினார். ஏரி காத்த ராமர் கதையில் அவர் பெயர் இன்றும் நிலைத்திருக்கிறது. மிராசு உரிமையின் பழமையை ஏற்று அரசுக்கு எழுதியவரும் அவரே. எல்லிஸ் 1818இல் அவ்வுரிமைக்கு அறிவுத்தளத்தில் விளக்கம் அளித்தார். அரசு தன் வரிக்காகவும் மிராசுதார் தம் உரிமைக்காகவும் நெடுங்காலம் வழக்காடினர். படியாள் அவ்வழக்கில் ஒரு தரப்பாகவே இல்லை. அவன் சொத்துக் கணக்கில் இருந்தான்.

1843இல் சட்டம் அடிமை முறைக்கு ஏற்பளிக்க மறுத்த பின்னரும் அவன் நிலை பெரிதும் மாறவில்லை. சேரியின் குடியிருப்பு மனைகூட மிராசுதாருடையது எனக் கொள்ளப்பட்டது. எதிர்த்துப் பேசினால் வீடும் போகும். தரிசுக்குத் தர்க்காஸ்து போட்டால் மிராசுதாருக்கே முன்னுரிமை. இதையெல்லாம் விரித்து 1891இல் அறிக்கை எழுதியவர் செங்கல்பட்டுக் கலெக்டர் ட்ரெமென்ஹீர். அதன் விளைவாக 1892இல் பிறந்த அரசாணையே பின்னாளில் பஞ்சமி நிலம் என்று பெயர் பெற்ற ஒதுக்கீட்டின் தொடக்கம். ஒடுக்கப்பட்டோர் அல்லாதாருக்கு விற்கலாகாது என்ற நிபந்தனையோடு வழங்கப்பட்ட அந்நிலங்களில் பல கைமாறின. அவற்றை மீட்கக் கோரி 1994 அக்டோபரில் காரணை மக்கள் நடத்திய போராட்டம் செங்கல்பட்டில் துப்பாக்கிச்சூட்டில் முடிந்தது; இருவர் உயிரிழந்தனர். மாநகரம் விழுங்கிய வயல்களுக்கு எத்தனை இரங்கற்பா எழுதினோம்! காரணைக்கு எத்தனை எழுதினோம்?

நீரின் கதையும் இதுவே. 1870களில் செங்குன்றம் ஏரி சென்னையின் குடிநீருக்குத் திரும்பியது. 1944இல் பூண்டி வந்தது. செம்பரம்பாக்கமும் சோழவரமும் அவ்வரிசையில் சேர்ந்தன. பாசன ஏரிகள் ஒன்றன்பின் ஒன்றாக மாநகரத்தின் தண்ணீர்த் தொட்டிகளாயின. பின்னர் லாரிகள் வந்தன. கிணறுடையவன் பயிரை விட்டுத் தண்ணீரை விற்றான். அவனுக்கு அது நல்ல வியாபாரம். நாற்று நடவும் களை எடுக்கவும் போய்க்கொண்டிருந்த பெண்ணுக்குக் கூலிநாள் போயிற்று. அவளிடம் விற்பதற்குக் கிணறு இல்லை. 'விவசாயி தண்ணீரை விற்றுவிட்டான்' என்று அங்கலாய்க்கும் நம் கட்டுரைகளில் அவள் வருவதேயில்லை.

தொழிற்சாலைகளைக் கண்ணை மூடிக்கொண்டு சபிக்கவும் நாம் ஆயத்தமாக இல்லை. 1998இல் இருங்காட்டுக்கோட்டையிலிருந்து முதல் கார்கள் வெளிவந்தன. பண்ணைக்குப் போக மறுத்த ஒரு தலைமுறைக்கு அச்சாலைகள் மாதச் சம்பளத்தையும் சீருடையையும் தந்தன. சேரிக்காரன் பண்ணையாளாக இருக்க மறுப்பதை 'வேளாண்மையின் அழிவு' என்று எழுதுவது அநாகரிகம். ஆனால் 2006இல் ஸ்ரீபெரும்புதூரில் உற்பத்தியைத் தொடங்கிய நோக்கியா 2014இல் மூடிக்கொண்டதும் நம் கண்முன்னே நடந்ததுதான். நிலமும் இன்றி வேலையும் இன்றி நின்றவர்களுக்குத் திரும்பிச் செல்ல எந்த ஏரிக்கரையும் இல்லை.

'ஊருக்குள் பிளவைப் பேசினால் தரகனுக்குத்தானே வசதி?' என்று நண்பர்கள் கேட்கக்கூடும். பரந்தூரைக் காட்டியும் கேட்பார்கள். விமான நிலையத்திற்கென நிலம் 2022இல் குறிக்கப்பட்டது முதல் ஏகனாபுரம் மக்கள் கிராமசபையில் திரும்பத் திரும்ப எதிர்ப்புத் தீர்மானம் இயற்றிவந்திருக்கிறார்கள். நாம் அவர்கள் பக்கம். அதனாலேயே இதைச் சொல்கிறோம். 2013ஆம் ஆண்டின் நடுவணரசுச் சட்டம் நிலமற்ற கூலியாளையும் குத்தகைதாரரையும் பாதிக்கப்பட்ட குடும்பமாக ஏற்கிறது. அவர்களைக் கண்டு எண்ணுவதற்கே சமூகத் தாக்க மதிப்பீடு. தமிழக அரசோ அம்மதிப்பீட்டைத் தவிர்க்க இடம்தரும் 1997ஆம் ஆண்டின் தொழில்துறை நிலமெடுப்புச் சட்டத்திற்கு 2019இல் மீண்டும் உயிரூட்டியது. எண்ணப்படாதவன் இழப்பீட்டுப் பட்டியலில் இடம்பெறமாட்டான். அவனை மறைப்பதில் தரகனின் கதையும் அரசின் சட்டமும் நம் ஏக்கமும் ஓரணியில் நிற்கின்றன. பிளவு நம் பேச்சினால் வருவதில்லை. ஊருக்கும் சேரிக்கும் இடையில் அது முன்பே கிடக்கிறது. அதைத் தாண்டாத எந்தப் போராட்டமும், பட்டாதாரருக்கு நல்ல விலை படிந்த அன்றே முடிந்துபோகும்.

1997இல் இரண்டாகவும் 2019இல் மீண்டும் ஒருமுறையும் இம்மாவட்டத்தின் எல்லைகள் பிரிக்கப்பட்டன. பஞ்சமி நிலங்களின் முழுக்கணக்கைப் பொதுவில் வைக்கும் துணிவு மட்டும் எந்த ஆட்சிக்கும் வரவில்லை. அதைக் கேட்கும் கடமை எழுதுகிறவர்களுக்கும் உண்டு. தொலைந்த ஏரியைப் பற்றி அடுத்த கவிதை எழுதுமுன் அதன் கலங்கலில் நின்றவன் பெயரை விசாரிப்போம். அப்பெயர் கிடைக்கும்வரை நம் ஏக்கத்தை மிராசுதாரின் ஏக்கம் என்றே வாசகர்கள் படிக்கட்டும்.