மழை பொய்த்தால் பிறக்கும் நிலம்



ஐவகை நிலங்களின் பெயரை உங்கள் வீட்டுப் பிள்ளையிடம் கேட்டுப் பாருங்கள். குறிஞ்சி, முல்லை, மருதம், நெய்தல், பாலை என்று மூச்சு விடாமல் ஒப்புவித்துவிடும். பாலை என்றால் என்ன என்று கேட்டால் "மணலும் மணல் சார்ந்த இடமும்" என்று சொல்லி, பக்கத்தில் ஓர் ஒட்டகத்தையும் வரைந்து காட்டும். சோதனைக்கு இந்தப் பதில் போதும். நம் பழைய புலவர்கள் பாடிய பாலைக்கு இது போதாது.

அந்தப் பாலையைத் தேசப் படத்தில் தேடினால் கிடைக்காது. தொல்காப்பியர் நிலங்களைப் பங்கிட்டபோது பாலைக்கு மட்டும் தனி நிலம் ஒதுக்கவில்லை. இளங்கோவடிகள் சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதையில் காரணத்தைச் சொல்கிறார். முல்லைக் காடும் குறிஞ்சி மலையும் வெயிலால் தம் இயல்பு கெட்டுப்போனால், அதுவே பாலையாக வடிவெடுக்கும். நேற்றுவரை அருவி விழுந்த அதே மலைதான். மழை வந்தால் மறுபடியும் குறிஞ்சியாகிவிடும். பொழுதில் நண்பகல் அதற்கு உரியது. தெய்வம் கொற்றவை.

மாதம் தவறாமல் மழை பெய்யும் நம் ஜொகூரில் இருந்துகொண்டு இதை நினைத்துப் பார்ப்பது கொஞ்சம் சிரமம்தான். நம் நாட்டுப் பதிவேட்டில் உள்ள மிகக் கடுமையான வெப்பம், 1998 ஏப்ரலில் பெர்லிஸ் மாநிலத்துச் சூப்பிங்கில் அளந்த 40.1 டிகிரி. வேலூரிலும் திருச்சியிலும் கோடை வந்தால் அது அதிசயமே இல்லை. ஆனாலும் பால்மரம் வெட்டிய பெரியவர்களுக்கு ஒரு வழி உண்டு. ஆண்டுத் தொடக்கத்தில் கித்தா மரங்கள் இலை கொட்டி நிற்கும் காட்சியை நினைத்துக்கொள்ளுங்கள். பால் குறையும், நிழல் போய்விடும், காய்ந்த சருகு காலடியில் நொறுங்கும். அது முடிவில்லாமல் நீண்டு, ஓடையும் வற்றிவிட்டால், அதுதான் பாலை.

அங்கே காற்றுகூட நிலையாக நிற்பதில்லை. கோத்தா திங்கி சாலையில் உச்சி வெயிலில் போகிறவர்கள் தார் மேல் தண்ணீர் தேங்கியிருப்பதுபோல் பார்த்திருப்பீர்கள். கிட்டப் போனால் இருக்காது. சூடேறிய தரையை ஒட்டிய காற்று மேலே உள்ள காற்றைவிட அடர்த்தி குறைந்துவிடுகிறது. வானத்திலிருந்து சாய்வாக இறங்கும் ஒளி அந்த இடத்தில் வளைந்து, மேல்நோக்கித் திரும்பி நம் கண்ணுக்கு வருகிறது. தரையில் தண்ணீர் என்று நாம் நினைப்பது வானத்தின் ஒரு துண்டு. காற்று கொதித்து அலைவதால் அதுவும் நெளிகிறது. இந்தக் கானல் நீருக்குப் பழந்தமிழில் பேய்த்தேர் என்று பெயர். பெயர் வைத்தவன் அதன் பின்னே ஓடி இளைத்தவனாகத்தான் இருக்க வேண்டும்!

இவ்வளவு கொடிய நிலத்தைப் புலவர்கள் ஏன் விரும்பிப் பாடினார்கள்? அகநானூற்றின் 400 பாட்டுகளில் ஒற்றைப்படை எண்ணுள்ள 200-ம் பாலைதான். பாலைக்குரிய பொருள் பிரிவு. ஆண்மகன் பொருள் தேடிப் போகிறான். வழியில் இந்தக் காடு கிடக்கிறது. பல பாட்டுகளில் அந்தக் காட்டைப் பற்றிப் பேசுகிறவளோ அதை ஒருநாளும் கண்ணால் பார்க்காத பெண். வீட்டில் இருந்தபடி அவன் காலில் குத்தும் முள்ளை எண்ணிக்கொண்டிருக்கிறாள்.

கலித்தொகையில் பாலை பாடிய பெருங்கடுங்கோ என்ற சேர அரசரின் பாட்டு ஒன்று உண்டு, 11-ஆவது. தலைவி தோழியிடம் சொல்கிறாள்: காடு அப்படிச் சுடும் என்று அவர் சொன்னார். ஆனால் குட்டி கலக்கிய கொஞ்சத் தண்ணீரைப் பிடிக்கு ஊட்டிவிட்டுப் பிறகுதான் களிறு குடிக்கும் என்றும் சொன்னார். சோர்ந்த பேடைக்கு ஆண்புறா சிறகால் விசிறும் என்றும், மர நிழல் இல்லாத இடத்தில் கலைமான் தன் நிழலையே பிணைக்குக் கொடுக்கும் என்றும் சொன்னார். அதையெல்லாம் பார்க்கிறவர் திரும்பாமல் இருப்பாரா? பல்லி சொல்கிறது, இடது கண்ணும் துடிக்கிறது என்று முடிக்கிறாள். நம் வீட்டுப் பெண்கள் இன்றும் பார்க்கும் அதே சகுனங்கள்!

நம் பாட்டன்மார் கடந்தது கடல். கங்காணி சொன்னதை நம்பி நாகப்பட்டினத்தில் கப்பலேறினார்கள். 1938-ல் இந்திய அரசு தொழிலாளர்களை இங்கே அனுப்புவதை நிறுத்தும்வரை அது நடந்தது. கடல் பயணத்தில் பெண்ணை உடன் அழைத்துப் போகும் வழக்கமில்லை என்று தொல்காப்பியத்தில் ஒரு விதி உண்டு. நம் பாட்டிமார் பலர் அந்த நூலைப் படித்ததில்லை. மூட்டையைக் கட்டிக்கொண்டு தாங்களும் ஏறிவிட்டார்கள். ஏறாமல் கரையில் நின்றவர்களும் உண்டு. இன்றும் நம் உலு திராமில் விடியுமுன் மோட்டார் சைக்கிளைக் கிளப்பிப் பாலம் தாண்டிச் சிங்கப்பூர் வேலைக்குப் போகிறவர்கள் எத்தனை பேர்! தூங்குகிற பிள்ளையைப் பார்த்துவிட்டுப் போய், தூங்கிய பிறகே திரும்புகிறார்கள்.

இந்த மாதம் என் வகுப்புப் பிள்ளைகளிடம் இரண்டு கேள்வி கொடுத்திருக்கிறேன். உங்கள் குடும்பத்தில் முதலில் கப்பலேறியவர் யார்? அன்று அவரை வழியனுப்பிவிட்டு ஊரிலேயே நின்றவர் யார்? முதல் கேள்விக்குப் பாதிப் பேர் பெயர் எழுதி வந்துவிட்டார்கள். இரண்டாவதற்கு ஒரே ஒரு பிள்ளைதான் எழுதியிருக்கிறது. மற்ற நோட்டுகளில் அந்த வரி காலியாக இருக்கிறது. உங்கள் வீட்டில் யாருக்காவது தெரிந்தால் சொல்லிக் கொடுங்கள். வெள்ளிக்கிழமை வரை காத்திருக்கிறேன்.