இறக்கிய கோப்பு எங்கே?

திறன்பேசியில் இறக்கிய மின்கட்டண ரசீதோ தேர்வு நுழைவுச்சீட்டோ கண்ணில் படாமல் போகும்போது பயனரின் கவனக்குறைவைச் சாடுவது வழக்கமாகிவிட்டது எனினும், குறை பெரும்பாலும் கோப்புகளை அடுக்கும் முறையில்தான் இருக்கிறது. ஆண்ட்ராய்டில் குரோம் போன்ற உலாவி, அதாவது இணையப் பக்கங்களைத் திறந்து காட்டும் செயலி, தான் இறக்கியவற்றை ‘டவுன்லோட்’ என்னும் பொதுக் கோப்புறையில் வைக்க, வாட்ஸ்அப்பில் வந்த பிடிஎஃப் ஆவணமோ உள் சேமிப்பகத்தின் ‘ஆண்ட்ராய்டு’ கோப்புறை, அதற்குள் ‘மீடியா’, அதற்குள் வாட்ஸ்அப்பின் பெயர் தாங்கிய அறைகள், அவற்றுக்குள் மீண்டும் ஒரு ‘மீடியா’ என்று இறங்கிச் சென்றால்தான் ‘வாட்ஸ்அப் டாக்குமென்ட்ஸ்’ என்ற இடத்தில் அகப்படுகிறது. ஒரு செயலி மற்றொன்றின் கோப்புகளைத் துழாவாதபடி 2020இல் வெளிவந்த ஆண்ட்ராய்டு 11 கட்டாயமாக்கிய சேமிப்பக வரம்பின் விளைவு இது. அந்தரங்கக் காப்புக்கு அவ்வரம்பு தேவையே, ஆனால் சாமானியருக்கு வழிகாட்டும் பலகை மட்டும் வைக்கப்படவில்லை. ஐபோனில் ‘ஃபைல்ஸ்’ செயலி 2017இல் வந்து சேர்ந்த பின்னும், சஃபாரி உலாவி இறக்குபவை கருவியில் அல்லாமல் ஐகிளவுட் டிரைவ் என்னும் இணையச் சேமிப்பகத்தில் போய் அமர்வதுண்டு. கோப்பு மேலாண்மைச் செயலியின் ‘சமீபத்தியவை’ பகுதியை முதலில் பார்ப்பது தேடலைச் சுருக்கும். எனினும், இறக்கி முடிந்த கணமே கோப்பு இருக்கும் இடத்தை ஒரே வரியில், தமிழிலும், தெரிவிப்பது செயலியை உருவாக்கியோரின் பொறுப்பாகும்.