அபாயத்தைக் காட்டும் வரைபடம் காணியையும் காட்டட்டும்

தோட்ட அலுவலகத்தில் முன்பு செக்ரோலும் சுவரில் தொங்கும் பழைய தோட்டப் படமும்தான் இருந்தன. இன்று கம்பனிகள் ட்ரோனாலும் செய்மதிப் படத்தாலும் மலைகளை அளக்கத் தொடங்கிவிட்டன. எந்த மலை எத்தனை ஹெக்டேயர், எங்கே செடி செத்து வெற்றிடமாகக் கிடக்கிறது, எந்த மலை எவ்வளவு கொழுந்து தருகிறது என்பதையெல்லாம் கணினித் திரையில் நிறம் நிறமாகப் பார்க்க முடிகிறது. இதற்குப் புவியியல் தகவல் முறைமை என்று பெயர்.

'அது கம்பனியின் ஆயுதம், நமக்கு எதற்கு?' என்று தோழர்கள் சிலர் கேட்கிறார்கள். அந்தச் சந்தேகத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் நாம் வேண்டாம் என்றாலும் படம் வரையப்பட்டுக்கொண்டுதான் இருக்கிறது. அதில் நாம் எங்கே இருக்கிறோம் என்பதே கேள்வி.

இந்த முறைமை விளங்காத வித்தையல்ல. கண்ணாடித் தாள்களை ஒன்றின் மேல் ஒன்றாக வைப்பது போன்றது. ஒரு தாளில் மலைச் சரிவு, இன்னொன்றில் ஓடையும் கானும், மற்றொன்றில் லயன்கள். சேர்த்துப் பார்த்தால் எந்த லயன் எந்தச் சரிவின் கீழ் இருக்கிறது என்பது தெரிந்துவிடும். தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் 1990 முதல் மண்சரிவு அபாய வரைபடங்களை இப்படித்தான் தயாரித்து வருகிறது. அடிப்பாறை, மேல்மண், சரிவு, நீரோட்டம், நிலத்தின் வடிவம், நிலப் பயன்பாடு ஆகிய ஆறையும் அது கணக்கில் எடுக்கிறது.

அப்படியானால் மீரியபெத்தையில் ஏன் அந்த அழிவு நடந்தது? 2014 ஒக்டோபர் 29ஆம் திகதி காலை கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை இறங்கி லயன்களை மூடியது. அங்கே அபாயம் இருக்கிறது என்று 2005இலும் 2011இலும் எச்சரிக்கப்பட்டிருந்தது. படம் இருந்தது, எச்சரிக்கையும் இருந்தது. எழும்பிப் போவதற்கு ஓர் இடம்தான் இருக்கவில்லை. உயிர் தப்பிய பல குடும்பங்கள் கைவிடப்பட்ட தேயிலைத் தொழிற்சாலையில் நீண்ட காலம் தங்க நேர்ந்தது.

இதிலிருந்து நாம் படிக்க வேண்டிய பாடம் ஒன்று. சிவப்பு நிறம் பூசி 'இங்கிருந்து போ' என்று சொல்லும் வரைபடம் பாதி வரைபடம்தான். அதே கணினியில், அதே தாள்களை வைத்து, சரிவு குறைந்த, பாதைக்கும் தண்ணீருக்கும் கிட்டிய, அபாயப் பகுதிக்கு வெளியேயுள்ள காணி எது என்றும் பார்க்கலாம். காணியும் இன்னும் அரசின் காணிதான். 1992இல் வந்த கம்பனிகள் அதைக் குத்தகைக்கே வைத்திருக்கின்றன. எனவே அபாயப் பகுதியென்று ஒரு லயனைக் குறிக்கும்போதே, அக்குடும்பங்களுக்கு விடுவிக்கப்படும் காணியையும் குறிக்க வேண்டும். இரண்டும் ஒரே படத்தில் வர வேண்டும்.

இரண்டாவது, அளவுத்திட்டம். 12 காம்பரா கொண்ட ஒற்றை லயன் ஏறத்தாழ 120 அடி நீளம். 1:50,000 அளவுத்திட்டப் படத்தில் அது ஒரு மில்லிமீற்றர்கூட இல்லை. ஒரு பேனாக் கீறலுக்குள் 12 குடும்பம்! 1:10,000 படத்திலும் நான்கு மில்லிமீற்றருக்குக் குறைவுதான். மாவட்டப் படம் மாவட்டத்துக்குச் சரி. லயனுக்குப் பின்னால் இருக்கும் வெடிப்பையோ, அடைபட்ட கானையோ, புதிதாக ஊறும் ஊற்றையோ அது காட்டாது. அவற்றைக் கண்ணால் காண்பவர்கள் அங்கே குடியிருப்பவர்களே.

இங்கேதான் நம் பிள்ளைகளின் கைத்தொலைபேசி உதவும். தோட்டக் கமிட்டிகள் இளைஞர்களைச் சேர்த்து லயன், பிள்ளைமடுவம், நடைபாதை, நீர் எடுக்கும் இடம், மண் வெடித்த இடம் எல்லாவற்றையும் படமெடுத்து, இடத்தைக் குறித்து, திகதியோடு கிராம உத்தியோகத்தருக்கும் பிரதேச செயலகத்துக்கும் எழுத்தில் கொடுக்கலாம். வாயால் சொன்ன முறைப்பாடு காற்றோடு போகும். இடமும் திகதியும் உள்ள முறைப்பாட்டுக்குப் பதில் சொல்லியாக வேண்டும்.

ஓர் எச்சரிக்கையும் வேண்டும். கைத்தொலைபேசி காட்டும் இடம் திறந்த வெளியில்கூட ஐந்து மீற்றர் அளவில் பிசகலாம். 7 பேர்ச்சஸ் காணி சதுரமாக இருந்தால் ஒரு பக்கம் 13 மீற்றர் அளவுதான். ஆகவே வெடிப்பைக் குறிக்க அது போதும், வேலி எல்லையைத் தீர்மானிக்கப் போதாது. வீட்டுக் காணிக்கு அனுமதி பெற்ற நில அளவையாளரின் படமும் அதன்படி எழுதிய உறுதியும் வேண்டும். வெறும் கடிதத்தையும் கைப்படத்தையும் காட்டி எவரும் நம்மைச் சமாளிக்க விடக்கூடாது.

நம் சங்கம் நிர்வாகங்களிடமும் அரசிடமும் கேட்க வேண்டியவை இவை:

ஒவ்வொரு தோட்டத்தின் மண்சரிவு அபாயப் படமும் தமிழில் பெரட்டுக் களத்திலும் பிள்ளைமடுவத்திலும் ஒட்டப்பட வேண்டும்.

24 மணித்தியாலத்தில் 75 மில்லிமீற்றர் மழை பெய்தால் விழிப்பு, 100 என்றால் எச்சரிக்கை, 150 என்றால் வெளியேற்றம் என்பது நிறுவனத்தின் அளவுகோல். தோட்டத்து மழைமானிக் கணக்கை மழைக்காலத்தில் அன்றன்றே லயன்களுக்கு அறிவிக்க வேண்டும். வெளியேறச் சொல்லும் நாளில் பேர் வெட்டக்கூடாது.

புதிய அளவீட்டைக் காட்டி ஆள் கணக்கையோ கொழுந்து நிறையையோ மாற்ற முனைந்தால், அந்தப் படத்தையும் கணக்கையும் முதலில் சங்கத்திடம் காட்ட வேண்டும்.

மலையில் எத்தனை செடி செத்திருக்கிறது என்று வானத்திலிருந்து எண்ணத் தெரிந்தவர்களுக்கு, எத்தனை குடும்பம் சரிவின் கீழே உறங்குகிறது என்று எண்ணுவது கடினமல்ல. அடுத்த பருவ மழைக்கு முன் அந்தக் கணக்கை எடுக்கச் செய்வது ஒவ்வொரு கமிட்டியின் வேலை. அடுத்த மாதக் கூட்டத்தில் இதை முதல் விடயமாக வையுங்கள், தோழர்களே.