அழுக்குப் பாதமும் ஆலயச் சித்திரமும்

“மாதா படமும் தேவதூதர் படமும் பாட்டாளிக்கு எதற்கு?” என்று தோழர்கள் சிலர் நம்மைக் கேட்கிறார்கள். அவசரப்பட்டுக் கேட்கிறார்கள் என்றே சொல்வோம்.

இத்தாலியில் ரொபர்ட்டோ லோங்கி (1890–1970) என்றொரு கலைச் சரித்திர ஆசிரியர் இருந்தார். 1951-ல் மிலான் நகரில் கரவாஜ்ஜோவின் சித்திரங்களைத் திரட்டிப் பெரிய கண்காட்சி நடத்தினார். 1610-ல் மாண்ட அந்த ஓவியரைப் பண்டிதர்கள் வெகுகாலம் மட்டமாகவே மதித்து வந்தார்கள். சாமானிய ஜனங்களை உள்ளது உள்ளபடி எழுதினாராம், அதுதான் குற்றம்! அதுவே அவர் பெருமை என்று லோங்கி எடுத்துக் காட்டினார்.

ரோமாபுரியின் அகுஸ்தீனார் ஆலயத்தில் லொரேட்டோ மாதா சித்திரம் இருக்கிறது. வாசற்படியில் குழந்தையோடு மாதா நிற்கிறாள். எதிரே மண்டியிட்டிருப்பவர்கள் பிரபுக்களல்ல, ஏழை யாத்திரிகர்கள். கிழவியின் தலைத்துணி கிழிந்து அழுக்கேறியிருக்கிறது. ஆணின் வெறுங்கால்கள், மண் படிந்த உள்ளங்காலோடு, பார்ப்பவர் முகத்துக்கு நேரே இருக்கின்றன. வயலில் நின்ற கால் எப்படியிருக்கும் என்று நம் வாசகர்களுக்குச் சொல்ல வேண்டுமா? இந்தச் சித்திரத்தைக் கண்டு பாமரர் பெருங்கூச்சல் போட்டார்கள் என்று போட்டி ஓவியர் ஒருவர் 1642-ல் இளக்காரமாக எழுதி வைத்தார்.

மாதாவின் மரணத்தையும் கரவாஜ்ஜோ எழுதினார். உப்பிய உடல், வெறுங்கால். எந்த ஆலயத்துக்காக எழுதினாரோ, அந்த ஆலயத்துத் துறவிகளே வேண்டாமென்று தள்ளிவிட்டார்கள். இன்று அது பாரிஸ் லூவர் காட்சிசாலையில் இருக்கிறது.

கரவாஜ்ஜோ புரட்சிக்காரரல்ல. கனவான்களின் காசில் பிழைத்தவர். 1606-ல் ஓர் ஆளைக் கொன்றுவிட்டு ஓடியவர். ஆனாலும் கூலிக்கு எழுதிய சித்திரத்தில் ஏழையின் உடல் நுழைந்துவிட்டது. கேள்வி கேட்ட தோழர்கள் அந்தப் பாதங்களை ஒருமுறை பார்த்துவிட்டு வந்து நம்மோடு வாதாடட்டும்.