மௌனம் பறிக்கும் பொருட்கள்

பொட்டனித் துறைமுகத்தில் இறங்கும் கொள்கலன்களில் ஒரு பகுதி, சரக்குத் தொடருந்தில் ஏறித் தெற்கு ஸ்ட்ராத்ஃபீல்டில் உள்ள என்ஃபீல்ட் சரக்கு நிலையத்தை வந்தடைகின்றது. அரிசி, மிளகாய்த்தூள், புடவை, பாத்திரம் என எம்மவர் கடைகளை நிரப்பும் பொருட்களும் கடல் கடந்தே வருகின்றன. கடத்தற் பொருளோ என்ற ஐயத்தில் அவை கைப்பற்றப்படும்போது, எம்மவரிற் சிலர் வாய் திறவாது நட்டத்தை ஏற்றுக்கொள்கின்றனர். இது தவறான வழி என்பதே எமது கருத்து.

இம்மௌனத்தின் வேரை நாம் அறிவோம். 1990களில் தாண்டிக்குளம் சோதனைச் சாவடியைக் கடந்தவர்களுக்கு, ஒரு பற்றறியும் ஒரு போத்தல் மண்ணெண்ணெயும் என்ன விலை கேட்டன என்பது மறக்கவில்லை. பறிக்கப்பட்டதைத் திருப்பிக் கேட்பவன் தன்னையே இழக்கக்கூடும் என்பது அன்றைய பாடம். அப்பாடத்தை இங்கும் சுமந்து வந்துள்ளோம்.

ஆனால் இந்நாட்டின் 1901 ஆம் ஆண்டுச் சுங்கச் சட்டம் வேறு விதமாக இயங்குகின்றது. 2015 முதல் சுங்கக் கடமைகளை ஆற்றிவரும் எல்லைப் படையினர் பொருட்களைக் கைப்பற்றினால், 7 நாட்களுக்குள் எழுத்தில் அறிவித்தல் கொடுத்தல் வேண்டும். அது கிடைத்து 30 நாட்களுக்குள், பொருளைத் திருப்பித் தருமாறு உரியவர் கோரலாம். கோரிக்கை எழுத்தில், ஆங்கிலத்தில், காரணங்களுடன் அமைதல் வேண்டும். கோரிக்கை கொடுத்தபின் 120 நாட்களுக்குள் அரசு நீதிமன்ற நடவடிக்கை தொடங்காமலும், மேலும் தடுத்துவைக்க நீதிவானின் கட்டளையைப் பெறாமலும் இருந்தால், பொருள் பொதுவாகத் திருப்பிக் கொடுக்கப்பட வேண்டும். கோராமலே 30 நாட்கள் கழிந்தாலோ பொருள் அரசுடைமையாகிவிடும். அதற்கு வழக்கும் தேவையில்லை, விசாரணையும் தேவையில்லை. உரியவரின் மௌனமே தீர்ப்பாகிவிடுகின்றது.

மறிக்கப்படும் சரக்கெல்லாம் கைப்பற்றப்பட்ட சரக்கு அன்று. வெறும் பரிசோதனைக்காக நிறுத்தப்படுவதும் உண்டு. உணவுப் பொருட்கள் 1992 ஆம் ஆண்டின் இறக்குமதி உணவுக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் கீழோ, 2015 ஆம் ஆண்டின் உயிரியற் பாதுகாப்புச் சட்டத்தின் கீழோ மறிக்கப்படலாம். அவற்றுக்குப் பொறுப்பான திணைக்களமும் வேறு, விடுவிக்கும் வழியும் வேறு. எனவே எந்தச் சட்டத்தின் கீழ் மறித்தீர்கள் என்பதே வணிகர் கேட்கவேண்டிய முதற் கேள்வி. விளங்காத எந்தப் படிவத்திலும் கையொப்பமிடலாகாது.

பலசரக்கினுள் புகையிலையை ஒளித்து வருவோருக்காக நாம் வாதிடவில்லை. 2019 யூலை முதல் அனுமதியற்ற புகையிலை தடைசெய்யப்பட்ட இறக்குமதியாகும். வரியைக் குறைக்க விலையைக் குறைத்தெழுதிய பற்றுச்சீட்டும் பாதுகாப்பன்று. சுங்கத்துக்குப் பொய்யுரைத்தல் தனிக் குற்றமாகும். உண்மையான பற்றுச்சீட்டும் வங்கிப் பதிவும் வைத்திருப்பவரே உரத்துக் கேட்க முடியும். "ஆளைப் பிடித்து எடுத்துத் தருகிறேன்" என்று வரும் இடைத்தரகரை விட, உரிமம் பெற்ற சுங்கத் தரகரும் சட்டத்தரணியுமே துணையாவர்.

விசா முடிவுக்காகக் காத்திருப்பவர், பொருளைக் கோரினால் தமது விண்ணப்பத்துக்குத் தீங்கு நேருமோ என அஞ்சுவது விளங்கக்கூடியதே. அவர் குடிவரவுச் சட்டம் அறிந்தவரிடம் ஆலோசனை பெறட்டும். ஆனால் அதனை முதல் வாரத்திலேயே பெறட்டும். 30 நாட்கள் எவருக்காகவும் காத்திரா.

அரசுக்கும் ஒரு கடமை உண்டு. ஆங்கிலம் அறியாதவர் கையில் ஆங்கில அறிவித்தலைக் கொடுத்துவிட்டு நாட்களை எண்ணத் தொடங்குவது நீதியின் முழுமையாகாது. அறிவித்தலுடன் தமிழில் ஒரு பக்க விளக்கம் இணைக்கப்படல் வேண்டும். ஸ்ட்ராத்ஃபீல்ட் வட்டாரத்து வணிகரும் பொது அமைப்புகளும் ஒன்றுகூடி இதனைக் கோரவேண்டும். அதுவரை, 131 450 என்ற இலக்கத்தில் அரசின் மொழிபெயர்ப்புச் சேவை உண்டு என்பதை ஒவ்வொரு கடைக்காரரும் அறிந்திருக்கட்டும்.

உழைத்துத் தேடிய பொருளைச் சட்டப்படி கேட்பது கலகம் அன்று. கேட்கும் உரிமையைத் தேடியே நாம் கடல் கடந்து வந்தோம்.