வண்டி நமது, வாயில் எவரது?

வீட்டை விலைக்கு விற்ற ஒருவன், தெருக்கதவின் சாவியைக் கொடுத்துவிட்டு, மின்பெட்டியின் சாவியை மட்டும் தன் மடியிலேயே முடிந்துகொண்டு போனால், அதை நாம் என்னவென்று சொல்வோம்? "விளக்கு அணைந்தால் என்னையே அழைக்க வேண்டும், நான் கேட்கும் கூலியைத் தரவேண்டும், வேறு எவனும் பெட்டியைத் தொடலாகாது" என்று அவன் கட்டளையிட்டால், அதற்கு வணிகம் என்று பெயரா, வழிப்பறி என்று பெயரா? வீட்டைப் பொறுத்தவரை எவரும் ஒரு நாளும் ஒப்பாத இந்த அநீதியைக் காரைப் பொறுத்தவரை நாம் வாய்மூடி ஏற்றுக்கொண்டு வருகிறோம். ஏற்றுக்கொள்கிறோம் என்பதுகூடச் சரியன்று. அப்படியோர் அநீதி நடப்பதையே அறியாதிருக்கிறோம். அறியாமையைப் போக்குவது ஆசிரியன் கடமை. ஆகவேதான் இலக்கியத் தொகுப்பில் இயந்திரத்தைப் பற்றி எழுதத் துணிந்தேன்.

ஓட்டுநர் இருக்கையின் முன்னே, கருவிப் பலகைக்குக் கீழே, முழங்கால் படும் இடத்தில் ஒரு சிறு செருகுவாய் இருக்கிறது. எட்டு எட்டாக இரு வரிசையில் பதினாறு முனைகள் அதற்குண்டு. பட்டறைக்காரர்கள் அதை 'ஓ.பி.டி.' என்பார்கள். வண்டியின் நோயை அறிய உதவுவதால் 'கண்டறி வாயில்' என்று நாம் அழைக்கலாம். இதை நிறுவனங்கள் மனமுவந்து வைத்துவிடவில்லை. கலிபோர்னியா மாநிலம் தன் மக்களின் மூச்சுக்காற்றைக் காக்க விதித்த புகைக் கட்டுப்பாடுகளில்தான் அதன் வேர் இருக்கிறது. 1996ஆம் ஆண்டு மாதிரி முதல், அமெரிக்காவில் விற்கப்படும் கார்கள் அனைத்திலும் ஒரே வடிவிலான இவ்வாயில் இருக்க வேண்டும் என்று சட்டம் பணித்தது. ஐரோப்பாவில் பெட்ரோல் கார்களுக்கு 2001 முதல் அத்தகைய விதி வந்தது. ஆக, இவ்வாயில் மக்களுக்காகச் சட்டம் திறந்த வாயில். அதைத்தான் இன்று வணிகம் மெல்ல மெல்லச் சாத்திக்கொண்டிருக்கிறது.

வாயிலுக்கு உள்ளே இருப்பது என்ன? ஒரு காலத்தில் காரின் உள்ளே கம்பிகள் மட்டுமே இருந்தன. இன்று பொறிக்கு ஒரு கணினி, பிரேக்குக்கு ஒரு கணினி, காற்றுப்பைக்கு ஒரு கணினி, கதவுக்கு ஒரு கணினி என்று ஒரு சிற்றூரே குடியிருக்கிறது. அவை ஒன்றோடொன்று பேசிக்கொள்ள ஜெர்மனியின் போஷ் நிறுவனம் 1983இல் ஒரு முறையை வகுக்கத் தொடங்கி, 1986இல் டெட்ராய்ட் நகரில் உலகுக்கு அறிவித்தது. 'கேன்' என்பது அதன் பெயர். முறுக்கிய இரண்டே கம்பிகள்; இரு முனையிலும் 120 ஓம் தடை; அவ்வளவுதான். அந்தக் கம்பியில் ஒரு கணினி பேசுவதை மற்றவை எல்லாம் கேட்கின்றன. ஒரே நேரத்தில் இருவர் பேசத் தொடங்கினால், எண்ணிற் சிறிய அடையாளத்தை உடைய செய்தி முந்தும், மற்றது காத்திருக்கும். 1993இல் இது அனைத்துலகத் தரமாயிற்று. 2008ஆம் ஆண்டு மாதிரி முதல் அமெரிக்கக் கார்களின் கண்டறி வாயிலில், ஆறாம் முனையிலும் பதினான்காம் முனையிலும் இந்தக் கம்பிகளே வந்து நிற்க வேண்டும் என்பது விதி.

பொறியின் முதலாம் உருளையில் எரிபொருள் சரியாகப் பற்றவில்லை என்றால், வண்டி 'பி0301' என்று ஒரு குறியெண்ணை எழுதி வைத்துக்கொள்ளும். எந்தப் பட்டறையிலும், எளிய கருவி ஒன்றால் அதைப் படிக்கலாம். ஆனால், சட்டம் திறக்கச் சொன்னது பெரும்பாலும் புகை சார்ந்த பகுதியைத்தான். பிரேக்கு, காற்றுப்பை, திசைமாற்றி, சாவி ஆகியவற்றின் பேச்செல்லாம் அந்தந்த நிறுவனத்தின் சொந்தக் குறிமொழியில் நடக்கிறது. அண்மைக் காலத்தில் சில நிறுவனங்கள் வாயிலுக்கும் கம்பிக்கும் இடையில் ஒரு காவற்கணினியையும் நிறுத்திவிட்டன. ஃபியட் கிரைஸ்லர் 2018ஆம் ஆண்டு மாதிரிகளிலிருந்து இதைச் செய்யத் தொடங்கியது. இப்படிக் காவல் வைத்த வண்டியில், குற்றம் இன்னதென்று படிக்கலாம். குற்றத்தைத் துடைக்கவோ உறுப்பைச் சோதிக்கவோ நிறுவனத்தின் அனுமதி வேண்டும். நோயின் பெயரைச் சொல்வார்களாம். மருந்தை மட்டும் தாமே விற்பார்களாம்!

இதனால் பெக்கான் நானாசுக்கு என்ன என்று கேட்பவர் உண்டு. கரிமண்ணில் அன்னாசி விளைந்து, அந்த அன்னாசியையே பெயராகவும் கொண்ட ஊர் இது. ஸ்கூடாயிலிருந்து பொந்தியான் செல்லும் சாலையில் இருக்கும் இச்சிற்றூரில், நிறுவனங்களின் பளிங்குத் தரை போட்ட சேவை மாளிகைகளை நம்பி மக்கள் வண்டி ஓட்டுவதில்லை. சாலையோரப் பட்டறைகளை நம்பித்தான் ஓட்டுகிறார்கள். பெற்றோர் சங்கக் கூட்டத்திற்கு வருவோரில் பலருடைய வண்டி பத்து வயதைத் தாண்டியது. உத்தரவாதக் காலம் முடிந்து, இரண்டு மூன்று கை மாறி வந்த வண்டி அது. அதைக் காப்பாற்றுபவன் பட்டறைக்காரன். அவனோ பெரும்பாலும் நம் பள்ளிகளில் படித்தவன். ஏட்டுக் கல்வியில் பின்தங்கினாலும் கைத்திறனில் முந்தியவன். தோட்டம் துண்டாடப்பட்டபோது நகரத்துக் கூலியாகாமல், எண்ணெய்க் கறை படிந்த கையால் தன் குடும்பத்தை நிமிர்த்தியவன்.

அத்தகைய முன்னாள் மாணவன் ஒருவன் அண்மையில் என்னிடம் சொல்லி வருந்தினான். வாடிக்கையாளர் ஒருவர் பின்சக்கரப் பிரேக் கட்டைகளை மாற்றக் கொண்டுவந்தார். அரை மணி நேர வேலை. ஆனால், அந்த வண்டியின் கைப்பிரேக்கு மின்னால் இயங்குவது. கணினிக்குக் கட்டளையிட்டு அதைப் பின்வாங்கச் செய்தால்தான் கட்டையைக் கழற்ற முடியும். அவனிடம் இருந்த கருவிக்கு அக்கட்டளை மறுக்கப்பட்டது. வண்டி ஜொகூர் பாருவுக்குப் போயிற்று. அவனுடைய கூலியும் அதனோடு போயிற்று. திறமை இல்லாமலா அவன் தோற்றான்? இல்லை. அவன் கையிலிருந்த திறமைக்குக் கதவு திறக்கப்படவில்லை. இப்படி ஒவ்வொரு வேலையாகப் பறிபோனால், இன்னும் பத்தாண்டில் அவனுக்கு எஞ்சப்போவது டயர் மாற்றுவதும் எண்ணெய் ஊற்றுவதும்தானே?

இது கற்பனை அச்சம் என்று தள்ளுவோர் இந்தியாவைப் பார்க்கட்டும். அங்கே 2011இல் தனிமனிதர் ஒருவர், உதிரிப் பாகங்களும் கண்டறி கருவிகளும் வெளிப்பட்டறைகளுக்குக் கிடைக்காதபடி கார் நிறுவனங்கள் தடுக்கின்றன என்று போட்டி ஆணையத்திடம் முறையிட்டார். விசாரணை மூன்று நிறுவனங்களில் தொடங்கி விரிந்தது. 2014 ஆகஸ்டில் ஆணையம் தீர்ப்பளித்தது. மாருதி, டாட்டா, மகிந்திரா, ஹோண்டா, டொயோட்டா உள்ளிட்ட பதினான்கு நிறுவனங்கள் குற்றம் இழைத்தன என்று கண்டு, 2,544 கோடி ரூபாய்க்கு மேல் தண்டம் விதித்தது. சென்னைக்கு அருகே தொழிற்சாலை வைத்திருக்கும் ஹூண்டாய் நிறுவனத்திற்கு 2015இல் தனியே 420 கோடி ரூபாய் தண்டம் விதிக்கப்பட்டது. நிறுவனங்கள் மேல்முறையீடு செய்தன, வழக்குகள் நீண்டன. தண்டத்தின் அளவைப் பற்றி எவரும் வாதிடட்டும். கருவியைப் பூட்டி வைப்பது பொறியியல் தேவை மட்டுமன்று, சந்தையைப் பூட்டி வைக்கும் தந்திரமும் ஆகும் என்பதை ஓர் அரசு ஆணையம் ஆராய்ந்து சொன்னது. அதுவே நமக்கு வேண்டிய பாடம்.

மேற்கிலும் இதே போராட்டந்தான். அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலம் 2012இல் பழுதுபார்க்கும் உரிமையைச் சட்டமாக்கியது. நிறுவனங்கள் தரவைக் கம்பியில்லா வழியே தம் கிடங்குக்கு இழுத்துக்கொள்ளத் தொடங்கியபோது, 2020இல் அம்மாநில மக்கள், ஏறத்தாழ நான்கில் மூன்று பங்கினர், அந்தத் தரவும் எங்களுடையதே என்று வாக்களித்தனர். ஆஸ்திரேலியாவில் 2022 ஜூலை முதல் நாள், பழுதுபார்க்கும் தகவலை நியாய விலைக்கு எல்லாப் பட்டறைகளுக்கும் தரவேண்டும் என்னும் சட்டம் நடைமுறைக்கு வந்தது. 2023 அக்டோபரில் ஐரோப்பிய நீதிமன்றம், நிறுவனத்தின் இணையக் கிடங்கில் பதிவு செய்து பணம் கட்டினால்தான் வாயில் திறக்கும் என்று ஃபியட் விதித்திருந்த நிபந்தனைக்கு ஐரோப்பியச் சட்டத்தில் இடமில்லை என்று தீர்த்தது. வல்லரசுகளின் குடிமக்களுக்கு நியாயமானது, பொந்தியான் மாவட்டத்துக் குடிமகனுக்கு மட்டும் நியாயமாகாதோ?

எதிர்ப்பக்கத்தார்க்கும் ஒரு வாதம் உண்டு. "திறந்து வைத்தால் திருடன் நுழைவான், விபத்து நேரும்" என்கிறார்கள். இதைச் சிரித்துத் தள்ளலாகாது. எடுத்து ஆராய வேண்டும். கேன் முறையில் பேசுபவன் யார் என்று கேட்கும் வழக்கமே இல்லை. கம்பியைத் தொட்டவன் எவனும் எந்தக் கணினியின் குரலிலும் பேசலாம். 2015இல் சான் டியேகோ ஆய்வாளர்கள், கண்டறி வாயிலில் செருகப்பட்ட ஒரு காப்புறுதிக் கருவிக்குக் குறுஞ்செய்தி அனுப்பி, மெதுவாக ஓடிய காரின் பிரேக்கையே ஆட்டிவைத்துக் காட்டினர். ஆபத்து உண்மைதான்.

ஆனால், பூட்டு அந்த ஆபத்தைத் தீர்த்ததா? அதே 2015இல் இரு ஆய்வாளர்கள், நெடுஞ்சாலையில் ஓடிய ஜீப் வண்டியைத் தொலைவிலிருந்தே முடக்கிக் காட்டினர். கண்டறி வாயிலை அவர்கள் தொடவே இல்லை. நிறுவனமே பொருத்தி அனுப்பிய கைப்பேசி இணைப்பின் வழியே நுழைந்தார்கள். 14 இலட்சம் வண்டிகளைத் திரும்ப அழைக்க நேர்ந்தது. லண்டனில் களவுபோன டொயோட்டா ஒன்றை ஆராய்ந்து 2023இல் வெளியிட்ட செய்தி என்ன? திருடர்கள் முகப்பு விளக்கின் கம்பியை இழுத்து, அங்கிருந்து கேன் வலைக்குள் பொய்ச்செய்தி புகுத்தினார்கள் என்பதே. திருடன் விளக்கின் வழியே வருகிறான். காவல்காரனோ பட்டறைக்காரனின் வாயிலில் தடியோடு நிற்கிறான்! பாதுகாப்பு வேண்டுமாயின், கணினிகள் ஒன்றையொன்று அடையாளம் காணும் முறையை வண்டிக்குள் கட்டுங்கள். தகுதி பெற்ற பட்டறைகளுக்கு அடையாளச் சான்று வழங்குங்கள். அச்சான்றை வழங்கும் உரிமை மட்டும், போட்டியாளனாகவும் இருக்கின்ற நிறுவனத்திடம் இருக்கலாகாது. மேலும், மூடிய பெட்டி நேர்மைக்கு உறுதியாகுமா? புகைச் சோதனையை ஏமாற்றும் மென்பொருளை உலகெங்கும் ஏறத்தாழ 1 கோடியே 10 இலட்சம் வண்டிகளில் ஒளித்து வைத்ததாக வோக்ஸ்வாகன் நிறுவனம் 2015இல் ஒப்புக்கொண்டதை உலகம் மறந்துவிட்டதா?

நிறுவனங்களைச் சாடுவதோடு நின்றால் என் கடமை பாதிதான். நம்மவரின் போக்கையும் சொல்ல வேண்டும். சந்தையில் சில வெள்ளிக்குக் கிடைக்கும் பெயரறியாக் கருவிகளை வாங்கி, வாயிலில் செருகி, மாதக்கணக்கில் அப்படியே விட்டுவிடுகிறோம். பதினாறாம் முனையில் மின்கலத்தின் மின்சாரம் எந்நேரமும் நிற்கிறது. வண்டி அணைந்த பின்னும் கருவி உறிஞ்சிக்கொண்டிருக்கும். சில நாள் ஓடாத வண்டி காலையில் உயிர்க்காது. கடவுச்சொல் கேட்காத புளூடூத் கருவியை அருகே நிற்கும் அயலானும் தொட முடியும். அழகு விளக்குக்காகவும் கூடுதல் திரைக்காகவும் கேன் கம்பியைக் கத்தியால் கீறி ஒட்டுவோரும் உண்டு. முறுக்கு அவிழ்ந்து, தடை மாறி, கணினிகளின் பேச்சுக் குழம்பினால், வண்டி எண்ணற்ற பொய்க் குற்றங்களை எழுதத் தொடங்கும். இத்தகைய பொறுப்பின்மைதான் "இவர்களிடம் சாவியைக் கொடுக்கலாகாது" என்னும் நிறுவனங்களின் வாதத்துக்கு நாமே எடுத்துக் கொடுக்கும் சான்று. உரிமை கேட்பவன் ஒழுங்கையும் உடன் கொண்டு வரவேண்டும்.

இந்நாட்டில் கேட்பதற்கு அடித்தளம் இல்லாமல் இல்லை. 1999ஆம் ஆண்டுப் பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டத்தின் 37ஆம் பிரிவு, பழுதுபார்க்கும் வசதியும் உதிரிப் பாகமும் நியாயமான காலத்திற்குக் கிடைக்க உற்பத்தியாளர் முயல வேண்டும் என்னும் பொருளில் பேசுகிறது. அச்சட்டம் இயற்றப்பட்ட நாளில் உதிரிப் பாகம் என்றால் இரும்பும் ரப்பரும். இன்று ஒரு குறியெண்ணும் ஒரு கட்டளையும் உதிரிப் பாகமே. 2010ஆம் ஆண்டுப் போட்டிச் சட்டம் 2012 முதல் நடைமுறையில் இருக்கிறது. பட்டறைகளின் மணிக்கூலியையும் உதிரிப் பாகத் தள்ளுபடியையும் கட்டுப்படுத்தியதாகக் காப்புறுதி நிறுவனங்கள்மீது மலேசியப் போட்டி ஆணையம் 2020இல் 17 கோடி வெள்ளிக்கு மேல் தண்டம் விதித்தது. மேல்முறையீட்டு மன்றம் 2022இல் அதைத் தள்ளிவிட்டது உண்மையே. எனினும், பட்டறைக்காரனின் கூலியும் நாட்டின் பொருளாதாரக் கேள்விதான் என்று அரசாங்க ஆணையம் ஒன்று கருதி வாதாடியது சிறிய செய்தியன்று.

ஆகவே நாம் கேட்க வேண்டியவை மூன்று. முதலாவது, வண்டியின் எல்லாக் கணினிகளின் பழுதுக் குறியெண்களும் சோதனைக் கட்டளைகளும், பதிவு பெற்ற எந்தப் பட்டறைக்கும் நியாய விலையில் கிடைக்கும்படி சட்டம் தெளிவாகச் சொல்ல வேண்டும். இரண்டாவது, மலேசியத் திறன் சான்றிதழ் பெறும் இளைஞன், கேன் கம்பியை அளக்கவும், அதன் செய்தியைப் படிக்கவும், பொய்க் குற்றத்தையும் மெய்க் குற்றத்தையும் பிரித்தறியவும் பயிற்சி பெற வேண்டும். மூன்றாவது, நம் இயக்கங்களுக்கு உரியது. கோயில் திருவிழாவுக்கும் பாராட்டு விழாவுக்கும் பணம் திரட்டத் தெரிந்த நாம், நான்கைந்து சிறு பட்டறைகள் சேர்ந்து வாங்கிப் பயன்படுத்தும்படி ஒரு நல்ல கண்டறி கருவிக்கும் அதன் உரிமக் கட்டணத்துக்கும் கூட்டுறவு முறையில் பணம் திரட்டக் கூடாதா?

நிலத்தை உழுதவனுக்கு நிலம் சொந்தமில்லாத காலத்தைத் தோட்டத்தில் நாம் கண்டோம். பால்மரத்தைக் காயப்படுத்தாமல் வெட்டத் தெரிந்த கைகளுக்கு அந்த மரத்தின் மீது உரிமை இல்லாதிருந்தது. இயந்திரத்தைத் திருத்தத் தெரிந்த கைகளுக்கு இயந்திரத்தின் மீது உரிமை இல்லாத புதுத்தோட்டம் ஒன்று இன்று வேலியிடப்படுகிறது. வேலி முற்றும் முன்னே விழித்துக்கொள்வது நம் கடன். விலை கொடுத்தவனுக்கு வண்டி சொந்தம் என்றால், அதன் வாயிலும் அவனுக்கே சொந்தம். அவன் நம்பி அழைக்கும் பட்டறைக்காரனுக்கு அது திறந்தாக வேண்டும்.