எது கோர்ட் அவமதிப்பு?

நீதிபதிகளுக்கு வர்க்கச் சார்பு உண்டு என்று 1967ல் கேரள முதலமைச்சர் தோழர் இ.எம்.எஸ். நம்பூதிரிபாத் சொன்னார். கோர்ட் அவமதிப்பென்று 1,000 ரூபாய் அபராதம்! 1970ல் சுப்ரீம் கோர்ட் அதை 50 ரூபாயாகக் குறைத்தது. குற்றம் குற்றமே என்றது.

பாலாற்றுப் படுகையைப் பாழாக்கிய தோல் ஷாப்புகள் நஷ்டஈடு தர வேண்டுமென 1996ல் தீர்ப்பளித்ததும் அதே கோர்ட்தான். பாக்கியை ஆறு வாரத்தில் கொடுத்து முதலாளிகளிடம் வசூலிக்கும்படி, 2025 ஜனவரியில் சர்க்காருக்கு மறுபடியும் உத்தரவிட நேர்ந்தது! பேச்சுக்கு உடனே தண்டனை. தீர்ப்பை 28 ஆண்டுகள் இழுத்தடித்தது அவமதிப்பில்லையா?

“ஷாப்பை மூடுவோம்” என்ற மிரட்டலுக்கு ஆம்பூர்த் தொழிலாளர் மயங்கலாகாது. தோல் தொழிலாளியும் விவசாயத் தொழிலாளியும் குடிப்பது ஒரே தண்ணீர். நஷ்டஈடு கிடைக்காதோர் பட்டியலைக் கிராமந்தோறும் ஒட்டுக! இருவரும் சேர்ந்து கேட்போம்.